பங்குச் சாமியாரின் பங்கு

தம்பி யூஜினுக்குக் குருப்பட்டம் கொடுத்த அன்று கோட்டாறு கோயிலில் ராஜையன் அழுத அழுகையை ஊரில் ரொம்ப நாள் பேசினார்கள். ஆயர் தம்பியின் தலையில் கை வைத்தபோது தொடங்கியவர், விருந்துப் பந்தியில் பாயசம் ஊற்றும்வரை நிறுத்தவில்லை. தாய் தகப்பன் போன பிறகு வளர்த்து ஆளாக்கிய அண்ணன் அழத்தானே செய்வார் என்று எல்லோரும் உருகினார்கள். அது பொய் இல்லை. முழு உண்மையும் இல்லை. அந்த அழுகையில் பாதி பக்தி. மறுபாதி எண்பது சென்ட்.

ராஜாக்கமங்கலத்துக்குப் பக்கத்தில் ஓடைக்கரையில் அவர்களுடைய அப்பா விட்டுப்போனது ஒரு ஏக்கர் அறுபது சென்ட். வடக்குப் பாதி மூத்தவனுக்கு, தெற்குப் பாதி இளையவனுக்கு என்று ஆதாரப் பத்திரம் எழுதிவைத்துவிட்டுத்தான் மனிதர் கண்ணை மூடினார். இருவருக்கும் நடுவில் பிறந்தவள் நேசபாய். அவளுக்கு ஒரு சங்கிலியும் வெண்கலப் பானையும் ஸ்திரீதனமாகக் கொடுத்துக் கட்டிக்கொடுத்தாயிற்று. அந்தக் காலத்துத் திருவிதாங்கூர் கிறிஸ்தவர் சட்டப்படி அதற்குமேல் பெண்பிள்ளைக்கு நிலத்தைப் பற்றிப் பேச வாய் கிடையாது. புருஷனுக்கு வைத்தியம் பார்த்ததில் சங்கிலி போயிற்று, பிறகு புருஷனும் போனான். பானையோடு திரும்பி வந்தவள் அண்ணன் வீட்டுப் பின்புறச் சாய்ப்பில் ஒதுங்கிக்கொண்டாள். வாழைக்குத் தண்ணீர் விடுவதும், கன்று பிரிப்பதும், தேங்காய் வெட்டுகிறவனை மேய்ப்பதும் அவள்தான். தோட்டத்தில் எந்த வாழை எப்போது குலை தள்ளும் என்று ராஜையனுக்குத் தெரியாது, அவளுக்குத் தெரியும்.

சாமியாராகப் படிக்கக் குருமடத்துக்குப் போகவேண்டும் என்ற ஆசை யூஜினுக்குப் பதினான்கு வயதில் வந்தது. ராஜையனுக்கு அந்த ஆசை அதற்கு ஒரு வாரம் முன்பே வந்துவிட்டது. மூன்றாம் வருஷம் லத்தீன் மண்டையில் ஏறவில்லை என்று பையன் பெட்டியோடு வீட்டுக்கு வந்து நின்றபோது, ராஜையன் ஒரு வார்த்தை ஏசவில்லை. கோழி அடித்துக் குழம்பு வைக்கச் சொன்னார். வயிறு நிறைய ஊட்டி, மறுநாள் காலை முதல் பஸ்ஸில் தானே கூடப்போய்க் குருமட வாசலில் விட்டுவிட்டு வந்தார். இன்னொரு முறை, வாத்தியார் வேலைக்குப் போகட்டுமா என்று கேட்டுக் கடிதம் வந்தது. 'நீ பீடத்தில் நின்று பூசை வைக்கிறதாக அம்மா சாகிறதற்கு முன் கனவு கண்டாள். உன் மனசைக் கலைக்கக்கூடாது என்றுதான் இத்தனை நாள் சொல்லவில்லை' என்று பதில் எழுதினார். அம்மா அப்படி ஒரு கனவு கண்டதாக வீட்டில் வேறு யாருக்கும் நினைவில்லை.

அவர் கணக்கு எளிமையானது. சாமியாருக்குப் பெண்டாட்டி பிள்ளை இல்லை. அது இல்லாதவனுக்கு நிலம் எதற்கு? சாமியாரானவன் உலகத்தையே விட்டவன். ஓடைக்கரைத் தோட்டமும் உலகத்தில்தானே இருக்கிறது.

ஆகவே 1952-இல், பட்டம் கொடுத்து நாலு மாதம் ஆனதும், தெற்குப் பாதியில் நின்ற அயனிமரத்தை வெட்டச் சொன்னார். இரண்டு பேர் கைகோத்தாலும் எட்டாத மரம். கோடாலி விழுந்த சத்தம் கேட்டு நேசபாய் ஓடிவந்தாள்.

"அண்ணா, அது தெக்குப் பங்குல நிக்க மரமில்லியா?"

"சாமியாருக்கு என்னத்துக்குட்டி அயனி? அவருக்குச் சிலுவை செய்ய ஒரு துண்டு கேட்டா குடுப்போம்."

அவள் வாயைத் திறந்தாள், பிறகு மூடிக்கொண்டாள். மரம் பலகையாகி, புது ஓட்டு வீட்டின் வாசலில் இரட்டைக் கதவாக நின்றது. பார்க்கிறவர்கள் தட்டிப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே வந்தார்கள்.

மறு வருஷம் உயிர்ப்புப் பண்டிகைக்கு முந்திய தவசு காலத்தில்தான் நிலத்தை முறையாகத் தன் பெயருக்கு மாற்றிவிடலாம் என்று ராஜையனுக்குத் தோன்றியது. நாகர்கோவிலில் ரெஜிஸ்டர் ஆபீசுக்கு எதிரே உட்கார்ந்து ஆதாரம் எழுதும் பகவதியப்பனிடம் போனார். பகவதியப்பன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் கேட்டார்.

"தம்பிக்க பங்கு உம்ம பேருக்கு எப்பிடி வே வரும்?"

"அவன் சாமியாரா போயிட்டானில்லா. உலகத்த விட்டாச்சு."

"கருமாதி செஞ்சீரா?"

"கருமாதியா? கெடா வெட்டி முந்நூறு பேருக்குச் சாப்பாடு போட்டேன் ஓய்."

"அங்கதான் காரியம் நிக்கி. எங்க ஆளுகள்ல ஒருத்தன் முறைப்படி சந்நியாசம் வாங்கினா, தனக்குத்தானே பிண்டம் வெச்சிருவான். அதோட சட்டத்துக்கு அவன் செத்தவன். சொத்து வாரிசுக்குப் போவும். அதுக்கும் சும்மா காவி உடுத்தாப் போராது, சடங்கு நடந்ததுக்குக் கோர்ட்டுல சாட்சி கேப்பான். உம்ம தம்பி பிண்டமும் வெக்கல்ல, ஒண்ணும் வெக்கல்ல. சட்டத்துக்கு அவரு குத்துக்கல்லாட்டம் உசிரோட இருக்காரு."

ராஜையன் விடவில்லை. "தரித்திரமா இருப்பேண்ணு வார்த்தைப்பாடு குடுத்திருப்பானே."

"அது மடத்துச் சாமியாருங்க. உம்ம தம்பி ஆயருக்குக் கீழ உள்ளவரு. கல்யாணம் செய்யமாட்டேன், ஆயரு சொன்னா கேப்பேன், இது ரெண்டும்தான் அவரு சொன்னது. நெலம் வேண்டாண்ணு சொல்லல்ல. இருபத்தஞ்சு வருசமா கோட்டாத்துச் சாமியாருங்களுக்கு நான் ஆதாரம் எழுதுகேன், எனக்குத் தெரியாதா?"

நிலம் வேண்டுமென்றால் தம்பி தன் பங்கை விட்டுக்கொடுத்து ஒரு விடுதலை ஆதாரத்தில் கையொப்பு இடவேண்டும். அதற்கு முன் வில்லங்கம் பார்ப்பது நல்லது என்றார் பகவதியப்பன். அப்பன் நிலத்துக்கு என்ன வில்லங்கம் என்று ராஜையன் அந்தச் செலவை மட்டும் மிச்சம் பிடித்தார். எழுதிய காகிதத்தைச் சுருட்டிக் குடைக்குள் செருகிக்கொண்டு மலைக்குப் பஸ் ஏறினார்.

யூஜின் சாமியாருக்கு ஆயர் பொறுப்பாகக் கொடுத்திருந்த கோயில் பங்கு கீரிப்பாறைக்குப் போகும் வழியில் இருந்தது. ரப்பர் பால் வெட்டும் ஆட்களுக்கென்று கட்டிய சின்னக் கோயில், அதை ஒட்டி அவர் குடியிருக்க ஓலை வேய்ந்த சாமியார் மேடை. ராஜையன் போய்ச் சேர்ந்தபோது சனிக்கிழமை மத்தியானம். தோட்டத்துப் பெண்கள் கோயிலுக்குள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். சாமியார் பாவசங்கீர்த்தனத் தொட்டிக்குள் உட்கார்ந்து ஒவ்வொருவர் பாவமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"எப்ப முடியும்?" என்று கோயில் வேலைகளைப் பார்க்கும் உபதேசியாரிடம் கேட்டார்.

"இருட்டும். தவசு காலமில்லா. எல்லா பாவமும் இப்பத்தான் வரும்."

கடைசி பஸ் ஐந்து மணிக்கு. ராஜையன் யோசித்தார். தம்பியிடம் ஒரு நிமிஷம் பேச ஒரே வழிதான் இருந்தது. வரிசையில் போய் உட்கார்ந்தார். முறை வந்ததும் முழங்காலிட்டு, துளைபோட்ட பலகையில் வாயை வைத்தார்.

"எலே யூஜினே. இல்ல, சாமி. நான்தான்."

மறுபக்கமிருந்து சாமியார் கேட்டார், "பாவசங்கீர்த்தனத்துக்குத்தான வந்தது, மகனே?"

அந்த 'மகனே' ராஜையனுக்குச் சுருக்கென்று பட்டது. இவனுக்கு மூக்குச் சிந்திவிட்டதே தன் கைதான்.

"ஒரு கையொப்பு வேணும், அம்புடுதான். காயிதம் வெளிய கொடைக்குள்ள இருக்கு."

"அதுக்கு உள்ள இடம் இது இல்ல. பாவம் உண்டும்னா சொல்லலாம். இல்லேண்ணா எந்திரிச்சு அடுத்த ஆளுக்கு வழி விடணும்."

பின்னால் பெண்கள் இருமினார்கள். இப்போது எழுந்தால், வந்ததும் எழுப்பிவிட்டார்கள், என்ன பாவமோ என்று மலை முழுக்கப் பேசும். சாமியாரின் அண்ணன் என்று வேறு எல்லோருக்கும் தெரியும். இரண்டு மூன்று சின்னப் பாவத்தைச் சொல்லிவிட்டு எழுந்துவிடலாம் என்று முடிவு செய்தார்.

"சந்தையில பொய் சொன்னேன். பெண்டாட்டிய ஏசினேன். ஒரு வெள்ளிக்கிழம எறைச்சி தின்னேன்."

"வேற?"

ராஜையன் கெட்டவரில்லை. தொட்டியில் பாவத்தை மறைத்தால் அது இன்னொரு பெரிய பாவம் என்று ஏழு வயதில் படித்தது எலும்பில் ஊறிப்போயிருந்தது. அந்த 'வேற?' உள்ளே எங்கேயோ கொக்கியைப் போட்டு இழுத்தது.

"ஒரு மரம் வெட்டினேன்."

"மரம் வெட்டுறது பாவமில்ல."

"மரம் எனக்குள்ளது இல்ல."

"யாருக்குள்ளது?"

"எனக்க தம்பிக்குள்ளது."

மறுபக்கம் நாற்காலி கிரீச்சிட்டது. ராஜையனால் அதற்குமேல் நிறுத்த முடியவில்லை. தம்பியின் பங்கு எப்படியும் தனக்கு வரும் என்றுதான் அவனைக் குருமடத்துக்கு அனுப்பியது, திரும்பி வந்தபோது கோழிக்குழம்பு வைத்தது, அம்மாவின் கனவை இட்டுக்கட்டியது எல்லாம் வரிசையாக வந்து விழுந்தன. கனவைச் சொன்ன இடத்தில் மட்டும் மறுபக்கம் ஒரு இருமல் கேட்டது. அழுகையா சிரிப்பா என்று பிரித்தறிய முடியவில்லை.

"அடுத்தவங்க பொருள எடுத்தா திருப்பிக் குடுக்கணும்," என்றது குரல். "உடமஸ்தங்கிட்ட நேர்ல போய்ச் சொல்லணும். சொல்லீட்டு வாங்க, பாவப்பொறுத்தல் அப்பத் தாரேன்."

"உடமஸ்தன் நீதானலே."

"இந்தத் தொட்டிக்குள்ள நான் ஒருத்தருக்கும் தம்பி இல்ல."

பாவப்பொறுத்தல் கிடைக்காமல் ராஜையன் வெளியே வந்து, புளியமரத்தடியில் உட்கார்ந்தார். ஐந்து மணி பஸ் போயிற்று. கடைசிப் பெண்ணும் எழுந்துபோன பிறகு சாமியார் அங்கியைத் தட்டிக்கொண்டு வந்தார். அண்ணனைக் கண்டதும் முகமெல்லாம் மலர்ந்தது.

"அண்ணா, எப்ப வந்திய? மைனி சொகமா இருக்காவளா?"

ராஜையன் திகைத்தார். "நான் இப்பத்தான உன்கிட்ட..."

"வாங்க, மரச்சீனிக் கெழங்கு அவிச்சிருக்கு."

சாப்பிடும்போதும் ராஜையன் தம்பியின் முகத்தையே பார்த்தார். கோபமோ வருத்தமோ ஒரு கீற்றாவது தெரிந்தால் பேச்சைத் தொடங்கிவிடலாம். ஒன்றுமில்லை. மழை, ரப்பர், உபதேசியாரின் பசு என்று பேசிக்கொண்டே இருந்தார். தொட்டியில் கேட்டதை வெளியே கண்ணால்கூடக் காட்டக்கூடாது என்பது சாமியார்களின் சட்டம். அது ராஜையனுக்கும் தெரியும். ஆனால் அதற்காக இவ்வளவு நன்றாகவா? சொன்னதை மறுபடி முதலிலிருந்து சொல்ல அவருக்கு நாக்கு எழும்பவில்லை. மறுநாள் குடையை விரிக்காமலே வீடு திரும்பினார்.

தவசு காலத்தின் கடைசியான பெரிய வாரம் நெருங்கியது. பாவப்பொறுத்தல் கிடைக்காதவன் நன்மை, அதாவது நற்கருணை, வாங்கக்கூடாது. பெரிய வியாழன் அன்று ஊரே நன்மை வாங்கும்போது, முதல் வரிசையில் உட்காரும் சாமியாரின் அண்ணன் மட்டும் எழாமல் இருந்தால் ஊர் சும்மா விடாது. ஊர்ப் பங்குச் சாமியாரிடம் போய்ப் பார்க்கலாம்தான். ஆனால் அவருக்குக் காது மந்தம். சொன்னதை உரக்கத் திருப்பிச் சொல்லித்தான் கேட்பார். அது கோயிலில் பாதிப் பேருக்குக் கேட்கும்.

அவர் சோற்றை அளைவதைக் கண்டு நேசபாய் என்ன காரியம் என்று கேட்டாள்.

"சும்மா ஒரு சந்தேகம்டி. ஒருத்தன் அடுத்தவனுக்க மரத்த அறியாம வெட்டிக் கதவு செஞ்சு போட்டான்னு வையி. அத எப்பிடித் திருப்பிக் குடுக்குது?"

நேசபாய் வாசல் கதவைத் திரும்பிப் பார்த்தாள்.

"கதவாத்தான் குடுக்கணும்," என்றாள். "கழத்திக் கொண்டுபோய்க் குடுக்கச் சொல்லும்."

பெரிய வாரத்துச் செவ்வாய்க்கிழமை விடியுமுன் ராஜையன் இரட்டைக் கதவைக் கழற்றி மாட்டுவண்டியில் ஏற்றினார். அவர் மனைவி ராஜபாய் வெறும் வாசலில் நின்றுகொண்டு, "மனுசனுக்குப் பிராந்து பிடிச்சிருக்கு" என்று தெருவுக்கே அறிவித்தாள்.

வழியெல்லாம் கேள்விதான். கோட்டாற்றில் ஒருவர் கேட்டார், வடசேரியில் நாலு பேர் கேட்டார்கள். "சாமியாருக்குக் கொண்டு போறேன்" என்று மட்டும் சொன்னார். அப்படிச் சொல்லப்போய், ஒரு சாயாக்கடை முன்னால் இரண்டு பெண்கள் அது கோயில் கதவு என்று எண்ணி வண்டியை நிறுத்தி, கதவைத் தொட்டு முத்தமிட்டு சிலுவை போட்டுக்கொண்டார்கள். ராஜையன் மறுபக்கம் திரும்பிக்கொண்டார்.

சாமியார் மேடைக்கு முன்னால் வண்டி நின்றபோது யூஜின் சாமியார் திண்டாடித்தான் போனார்.

"இது என்னதுண்ணா?"

"கதவு."

"கதவுண்ணு காணுது. எனக்கு எதுக்கு?"

ராஜையன் தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் பிடித்துக்கொண்டார். வழியெல்லாம் பாடம் பண்ணியதை ஒரே மூச்சில் சொன்னார். மரத்தைச் சொன்னார், கதவைச் சொன்னார், கோழிக்குழம்பைச் சொன்னார். சாமியார் முதல்தடவையாகக் கேட்கிறவர்போல, "தெக்க நின்ன அயனியா? அத எப்ப வெட்டினிய?" என்று இடையிடையே கேட்டுக்கொண்டார். போன தடவை தொட்டிக்குள் இருந்தது வேறு யாரோ என்றுகூட ராஜையனுக்குச் சந்தேகம் வந்தது.

"அம்மைக்க கனவும் நான் சொன்ன பொய்யி," என்று முடித்தார். சொல்லும்போதே அழுதுவிட்டார். இந்த அழுகையில் எண்பது சென்ட் எதுவும் இல்லை.

சாமியார் சிரித்தார். "அம்மா ஒரு கனவு கண்டா காலம்பறக்குள்ள பத்து வீட்டுக்குச் சொல்லுவா. ஒருத்தருக்கும் தெரியாம ஒரு கனவு எப்பிடிக் கெடந்துது? கடுதாசி கிட்டின அண்ணைக்கே எனக்குத் தெரியும்."

"பின்ன ஏம்லே வாத்தியார் வேலைக்குப் போவல்ல?"

"ஒரு வாரம் யோசிச்சுப் பாத்தேன். குருமடத்த விட்டுப் போறதுக்குத்தான் மனசில்ல. அதுக்கு உங்க கடுதாசி காரணம் இல்ல. நீங்க அதச் சொமக்காண்டாம்."

ராஜையனுக்குப் பத்து வருஷப் பாரம் இறங்கினாற்போல் இருந்தது. வண்டிக்காரனிடம் கதவை இறக்கச் சொன்னார்.

"இறக்காண்டாம்," என்றார் சாமியார். "இத நான் வாங்க முடியாது. அந்த நெலம் எனக்குள்ளது இல்ல."

"பாத்தியா. உலகத்த விட்டாச்சுண்ணு நான் அப்பமே சொன்னேன்," என்றார் ராஜையன். அவர் கை தன்னையறியாமல் குடையைத் தேடியது.

"பட்டம் வாங்கின மறு மாசமே அக்கா பேருக்குத் தானமா ஆதாரம் எழுதி ரெஜிஸ்டர் செஞ்சாச்சு. அந்த எம்பது சென்ட் நேசபாயக்காவுக்குள்ளது. அயனியும் அவளுக்குள்ளது. கதவும் அவளுக்குள்ளது."

ராஜையன் வண்டியின் பின்பக்கம் கதவின்மேலேயே உட்கார்ந்துவிட்டார்.

"எனக்கிட்ட ஒரு வார்த்த சொல்லல்ல."

"அக்கா சொல்லுகேண்ணு சொன்னா. சொல்லியாச்சாண்ணு உங்ககிட்டயும் அவகிட்டயும் நான் கேக்காம விட்டது எனக்க தப்புதான்."

பிறகு தம்பி கோயிலுக்குள் போய்த் தொட்டியில் உட்கார்ந்தார். அண்ணன் முழங்காலிட்டு, வீட்டுக்குப் போனதும் உடமஸ்தியிடம் சொல்லிவிடுகிறேன் என்று வாக்குக் கொடுத்து, பாவப்பொறுத்தல் வாங்கிக்கொண்டார். குடைக்குள் இருந்த காகிதம் சாமியார் மேடை அடுப்பில் காப்பிக்குத் தீமூட்ட உதவிற்று.

புதன்கிழமை கதவு வந்த வழியே திரும்பிற்று. அதே சாயாக்கடையில் அதே பெண்கள் நின்றார்கள். கோயிலுக்குக் கொண்டுபோன கதவு ஏன் திரும்புகிறது என்று கேட்டார்கள். "அளவு செரியாவல்ல," என்றார் ராஜையன். பாவப்பொறுத்தலுக்குப் பிறகு அதுதான் முதல் பொய்.

நேசபாய் சாய்ப்பு வாசலில் நார் கிழித்துக்கொண்டிருந்தாள். ராஜையன் எல்லாவற்றையும் மூன்றாம் முறையாகச் சொன்னார். மூன்றாம் முறை என்பதால் சுருக்கமாகவே வந்தது.

"நீ இத அறிஞ்சிட்டுத்தானா கதவக் கழத்தச் சொன்னே?" என்று கடைசியில் கேட்டார்.

"அறியாமலா?"

"மரம் வெட்டும்போ ஏன் சொல்லல்ல?"

"சொல்ல வந்தேன். நீரு சிலுவைக்கு ஒரு துண்டு தாரேண்ணு சொன்னீரு. பெறவு வீடு பால்காய்ப்பு வந்துது. நல்ல காரியத்துக்கு எடையில எதுக்குண்ணு இருந்தேன். நீரு வெளியில போடீண்ணு சொல்லீட்டா எங்க போவேண்ணு பயம்." நாரை மடியில் வைத்துவிட்டு நிமிர்ந்தாள். "இப்பம் பயம் இல்ல."

வெளியில் போ என்று ராஜையன் ஒருநாளும் சொல்லியிருக்க மாட்டார். ஆனால் இரு என்றும் ஒருநாளும் சொன்னதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

"கதவு வீட்டுலயே கெடக்கட்டுமாட்டி? வெல போட்டுத் தாரேன்."

"வேண்டாம். எனக்கும் வீடு வேணுமில்லா. வாசலு இருந்தாத்தான வீடு வெக்க முடியும். இப்பம் வாசலு ஆயாச்சு, சுவருதான் பாக்கி."

பெரிய வியாழன் அன்று ராஜையன் முதல் வரிசையிலிருந்து எழுந்து நன்மை வாங்கினார். உயிர்ப்பு ஞாயிறுக்கு வந்த விருந்தாளிகள், ஓட்டு வீட்டு வாசலில் ஓலைத் தட்டி தொங்குவதைப் பார்த்து என்ன என்று கேட்டார்கள். காற்று நன்றாக வரும் என்றாள் ராஜபாய். அவள் புருஷனோடு பேச மேலும் ஒரு மாதம் பிடித்தது.

சுவர் எழுப்ப ஆள் கூலி கொடுக்க நேசபாயிடம் வழியில்லை. ஆகவே ராஜையனே மண் குழைத்தார். தெற்குப் பாதியின் ஓரத்தில் இரண்டு அறை வீடு எழுந்தது. வாசல் மட்டும் அரண்மனைக்கு உள்ளது போல இருந்தது. குனிந்து நுழையவேண்டிய கூரைக்கு அந்தக் கதவு கொஞ்சம் அதிகம்தான் என்று ஊரார் சொன்னார்கள். நேசபாய் காலையும் மாலையும் அதை இரண்டு பக்கமும் விரியத் திறந்து வைத்தாள்.

வீடு முடிந்ததும் அவள் அண்ணனைக் கூப்பிட்டுத் தன் வாழைத்தோட்டத்தைப் பாட்டத்துக்கு எடுத்துக்கொள்கிறீரா என்று கேட்டாள். பாதிக் குலை அவருக்கு, பாதி அவளுக்கு. எந்த வாழையை எப்போது வெட்டுவது என்று அவள்தான் சொல்லுவாள். எடுக்காவிட்டால் ஓடைக்கு அக்கரையிலிருக்கும் வைகுண்டராஜன் கேட்டிருக்கிறார் என்றாள். வைகுண்டராஜன் பெயரைக் கேட்டதும் ராஜையன் சரி என்றுவிட்டார். சொந்த அப்பன் நிலத்தில் தங்கச்சிக்குப் பாட்டக்காரன் ஆனதை நினைத்து இரண்டு நாள் தூக்கமில்லை. மூன்றாம் நாள் கன்று வைக்கப் போனார். குழி ஆழம் போதாது என்று அவள் இரண்டுமுறை தோண்டச் சொன்னாள்.

அடுத்த வருஷம் சித்திரையில் ராஜையன் கோட்டாற்றுச் சந்தையில் ஏத்தன் வாழைக்குலைகளை இறக்கினார். அவர் ஆயுளில் அப்படிக் குலை கொண்டுபோனதில்லை. இரண்டு பேர் தூக்கினால்தான் அசையும். கடைக்காரர் ஒருவர் சுற்றிச்சுற்றி வந்து பார்த்தார்.

"யாருக்க தோட்டத்துக் கொல வே இது?"

ராஜையன் தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். சுற்றி நின்ற நாலைந்து பேருக்கும் கேட்கும்படியாகவே சொன்னார்.

"எனக்க தங்கச்சிக்க தோட்டம். வெல அவகிட்ட கேட்டுட்டுத்தான் சொல்லுவேன்."